எல்லாரையும் போலத்தான்

எங்கள் ஒழுங்கையில் என் ஒன்றுவிட்ட அண்ணையைப் பற்றி யாரிடம் விசாரித்தாலும் முதலில் வருவது அவருடைய மண்டைக்குள் கிடக்கும் பீஸ், அதாவது குண்டுச் சிதறல்தான். 1990-இல் பொம்மர் (குண்டு போடும் விமானம்) அடித்தபோது வலது புருவத்துக்கு மேலால் புகுந்தது. எடுக்கப் போனால் உயிருக்கு ஆபத்து என்று அப்படியே விட்டுவிட்டார்கள். அப்போது அவருக்குப் பதின்மூன்று வயது. அதற்குப் பிறகு அவர் பட்ட கோபம், போட்ட சண்டை, விட்ட வேலை அத்தனைக்கும் அந்தப் பீஸ்தான் பொறுப்பு. கலியாண வீடொன்றில் பந்தி நடக்கும்போது சாம்பார் வாளியை உதைத்தவர். அன்றைக்கும் சபையில் ஒருவர் எழும்பி, "பாவம், அவனிலை பிழையில்லை, மண்டைக்குள்ளை பீஸ் கிடக்கு" என்று சொல்ல, எல்லாரும் இலையைப் பார்த்துக்கொண்டு சாப்பிட்டார்கள்.

போன வருடம் வேலிச் சண்டை வந்தது. யாழ்ப்பாணத்தில் இருப்பவர்களுக்கு வேலிச் சண்டையை விளக்கத் தேவையில்லை. பக்கத்துக் காணிக்காரர் கதியால் (வேலிக்கு நடும் தடி) மாற்றும்போது ஒரு சாண் இந்தப் பக்கம் தள்ளிப் போட்டார் என்று தொடங்கியது, அலவாங்கில் (கடப்பாரையில்) போய் முடிந்தது. அந்த மனிதருக்குக் காறை எலும்பு முறிந்தது. அண்ணைக்கு மறியல் (சிறை), பிறகு பிணை, பிறகு தவணை தவணையாக வழக்கு. வீட்டில் கூடிக் கதைத்தபோது எல்லாருக்கும் ஒரே வழிதான் தெரிந்தது: பீஸைச் சொல்லித் தப்ப வேண்டும். இங்கிலீசில் வாசிக்கிறவன் என்று பெயரெடுத்த பாவத்துக்கு, "மூளையிலை காயம் பட்டால் ஆள் முரடாகும் எண்டு வெளிநாட்டு டொக்டர்மார் எழுதியிருப்பினம், நீ ஒருக்காத் தேடிப் பார்" என்ற வேலை எனக்கு வந்தது.

தேடினேன். எழுதித்தான் இருக்கிறார்கள். முதலில் போய் முட்டுவது பினியஸ் கேஜின் மண்டையோட்டில். 1848-இல் அமெரிக்காவின் வெர்மொண்ட் மாநிலத்தில், ரயில் பாதைக்குப் பாறை உடைக்கும்போது வெடிமருந்து இடிக்கிற இரும்புக் கம்பி கன்னத்தால் புகுந்து உச்சியால் பறந்த மனிதர். அதன் பிறகு ஆளே மாறிவிட்டார் என்பதோடு பாடப்புத்தகங்கள் நிறுத்திவிடும். அவர் பிறகு சிலி நாட்டுக்குப் போய் வருடக்கணக்காகக் குதிரை வண்டி ஓட்டிப் பிழைத்ததைச் சொல்கிறவர்கள் குறைவு. அடுத்தது சார்ல்ஸ் விட்மன். 1966-இல் டெக்சாஸ் பல்கலைக்கழகக் கோபுரத்தில் ஏறிச் சனங்களைச் சுட்டவர். செத்த பிறகு தன்னை வெட்டிப் பார்க்கச் சொல்லி எழுதிவைத்துவிட்டுப் போயிருந்தார். பார்த்தார்கள், மூளையில் கட்டி இருந்தது. ஆனால் ஆளுநர் அமைத்த குழு, அந்தக் கட்டிதான் காரணம் என்று தெளிவாகச் சொல்ல முடியாது என்று கைவிரித்துவிட்டது. 2003-இல் வெளியான இன்னொரு கேஸ் இதைவிடப் பிரபலம். நாற்பது வயதுப் பள்ளி ஆசிரியர் ஒருவருக்குத் திடீரென்று சிறுபிள்ளைகள் மேல் தகாத ஆசை வந்து வழக்காகிவிட்டது. கண்குழிக்கு மேலே மூளையில் பெரிய கட்டி. வெட்டி எடுத்ததும் ஆசை போய்விட்டது. கொஞ்சக் காலத்தில் திரும்பி வந்தது, பார்த்தால் கட்டியும் திரும்ப வளர்ந்திருக்கிறது. இதைச் சொன்னபோது மாமா "பாத்தியே!" என்று தொடையில் தட்டினார். வழக்கு வென்ற மாதிரித்தான்.

எனக்கு அந்த ஆசிரியரின் கேஸில் ஒரு விஷயம் உறுத்தியது. அங்கே கட்டி வந்தது, குணம் மாறியது, கட்டி போனது, பழைய குணம் திரும்பியது. கணக்குச் சரி. எங்கள் அண்ணைக்கு அப்படி ஒரு முன்னும் பின்னும் யாராவது சொல்ல முடியுமா? பீஸ் புகுவதற்கு முன்பு அவர் எப்படி இருந்தார்? வீட்டில் கேட்டால், "சின்னப் பெடியன்தானே, என்ன தெரியும்" என்று பேச்சை மாற்றினார்கள்.

பின்கஸ் தேடிய மூன்று

இப்படி மேய்ந்துகொண்டு போகும்போதுதான் ஜொனதன் பின்கஸ் என்ற நரம்பியல் வைத்தியர் கண்ணில் பட்டார். முதலில் யேல் பல்கலைக்கழகத்தில், பிறகு வாஷிங்டனில் ஜோர்ஜ்டவுன் பல்கலைக்கழகத்தில் இருந்தவர். வலிப்பு, பாரிசவாதம், கைநடுக்கம் என்று எந்த நரம்பியல் வைத்தியரும் பார்க்கிற நோயாளிகளைப் பார்த்துக்கொண்டிருந்த ஆள். 1970-களில் டொரதி லூயிஸ் என்ற மனநல வைத்தியர், சீர்திருத்தப் பள்ளியில் இருந்த முரட்டுப் பெடியள் சிலரை ஒருக்காப் பாருங்கள் என்று இவரைக் கூப்பிடுகிறார். அங்கே தொடங்கியது மரண தண்டனைக் கைதிகள் வரை போனது. கால் நூற்றாண்டுக்கு மேல் கொலைகாரர்களின் முழங்காலில் சுத்தியலால் தட்டி, கண் அசைவு பார்த்து, நடக்கவிட்டு, ஒற்றைக் காலில் குதிக்கவிட்டுப் பரிசோதித்திருக்கிறார்.

1986-இல் இவர்களும் கூட்டாளிகளும் சேர்ந்து வெளியிட்ட கட்டுரை ஒன்று இருக்கிறது. அமெரிக்காவில் தண்டனை நிறைவேறும் நாள் நெருங்கிவிட்ட 15 கைதிகள். மூளைக் கோளாறு இருக்கும் என்று பார்த்துத் தெரிந்தெடுத்தவர்கள் கிடையாது, நாள் நெருங்கியதால் மட்டும் தெரிவானவர்கள். பதினைந்து பேருக்கும் முன்பு தலையில் பலத்த அடி பட்டிருந்தது. 1988-இல் இன்னொன்று: பதினெட்டு வயதாகும் முன் செய்த கொலைக்காக மரண தண்டனை பெற்ற 14 பேர். அவர்களிலும் எல்லாருக்கும் சிறுவயதில் தலைக்காயம். ஒன்பது பேருக்குப் பெரிய நரம்பியல் பாதிப்பு. பன்னிரண்டு பேர் வீட்டில் மிருகத்தனமாக அடி வாங்கியவர்கள். ஐந்து பேரைச் சொந்தக்காரரே சீரழித்திருக்கிறார்கள்.

கடைசியில் பின்கஸ் வந்து நின்ற இடம் இதுதான்: மூளைப் பாதிப்பு, சிறுவயதுச் சித்திரவதை, எல்லாரும் தனக்கு எதிராகச் சதி செய்கிறார்கள் என்று நினைக்கவைக்கும் மனநோய். தனித்தனியே இந்த மூன்றில் எதுவும் ஆளைக் கொலைகாரனாக்காது. மூளை பழுதானவர்கள் கோடிக்கணக்கில் இருக்கிறார்கள், சாதுவாக இருக்கிறார்கள். அடிவாங்கி வளர்ந்தவர்களும் அப்படித்தான். சந்தேக நோய்க்காரரும் அப்படித்தான். மூன்றும் ஒரே ஆளில் சேரும்போதுதான் ஆபத்து. அடி, ஆத்திரத்தை உள்ளே வைக்கிறது. நோய், எதிரியைக் காட்டுகிறது. நெற்றிக்குப் பின்னால் இருக்கும் மூளை ஒழுங்காக வேலை செய்தால் இரண்டையும் பிடித்து நிறுத்தும். அது பழுதானால் நிறுத்த ஆளில்லை.

இவர்களுடைய ஆய்வுகளில் ஓட்டை இல்லாமல் இல்லை. கொலை செய்யாத, ஆனால் அதே வறுமையில் அதே மாதிரிச் சேரியில் வளர்ந்த ஆட்களை எடுத்துப் பக்கத்தில் வைத்துப் பார்க்கவில்லை. அப்படிப் பார்த்தால் அவர்களிலும் எத்தனை பேருக்குத் தலையில் அடிபட்டிருக்கும் என்ற கேள்வி நியாயமானது. 1997-இல் ஏட்ரியன் ரெய்ன் என்பவரும் கூட்டாளிகளும் 41 கொலைகாரர்களின் மூளையை 41 சாதாரண ஆட்களின் மூளையோடு ஒப்பிட்டு ஸ்கான் எடுத்தார்கள். கொலைகாரர்களின் முன்மூளை மந்தமாக வேலை செய்தது. அடுத்த வருடம் அதே ஆட்களைப் பிரித்துப் பார்த்தபோது, நல்ல வீட்டில் வளர்ந்து கொலை செய்தவர்களில்தான் முன்மூளைக் குறை கூடுதலாகத் தெரிந்தது. மோசமான வீட்டில் வளர்ந்தவனுக்கு அவ்வளவு மூளைக் குறை தேவைப்படவில்லை என்று நான் விளங்கிக்கொண்டேன். எப்படிப் பார்த்தாலும் வீட்டைக் கேட்காமல் மூளையை மட்டும் கேட்டால் பதில் கிடைக்காது.

ஆனால் என்னைப் பிடித்து நிறுத்தியது இந்த எண்கள் இல்லை. 1988-ஆம் ஆண்டுக் கட்டுரையில் வந்த பெடியள் தங்களுக்கு நடந்ததை ஒளித்தார்கள். மரண தண்டனை காத்திருக்கிறது, "அப்பா என்னைச் சித்திரவதை செய்தவர்" என்று சொன்னால் தப்ப ஒரு வழி இருக்கும், அப்போதும் சொல்லவில்லை. பெற்றோரும் சொல்லவில்லை. லூயிஸும் பின்கஸும் பழைய வைத்தியசாலைத் துண்டுகளைத் தேடி, முதுகில் இருக்கும் தழும்புகளைப் பார்த்து, உடன்பிறந்தவர்களைப் பிடித்துக் கேட்டுத்தான் விஷயத்தை வெளியில் எடுத்தார்கள். தாயையோ தகப்பனையோ காட்டிக்கொடுப்பதைவிடக் கெட்டவன் என்ற பெயரே பரவாயில்லை, சாவும் பரவாயில்லை என்று பிள்ளை நினைக்கிறது. இதை வாசித்த இரவு எனக்கு நித்திரை சரியாக வரவில்லை.

77-ஆம் பிரிவு

சட்டத்தரணி நான் கொண்டுபோன கடதாசிகளைப் புரட்டிப் பார்க்கவும் இல்லை. எங்கள் தண்டனைச் சட்டக்கோவை 1883-ஆம் ஆண்டினது. அதன் 77-ஆம் பிரிவு கேட்பது ஒரே கேள்வி: செய்யும்போது, தான் என்ன செய்கிறேன் என்றோ அது பிழை, சட்டத்துக்கு மாறு என்றோ அறிய முடியாத சித்த நிலையில் அந்த ஆள் இருந்தாரா? "உங்கடை அண்ணை அடிச்சுப்போட்டு அலவாங்கைக் கொண்டுபோய் மாட்டுக்கொட்டிலுக்குப் பின்னாலை ஒளிச்சு வைச்சவர். பிழை எண்டு தெரியாதவன் ஒளிப்பானே?" என்றார். அதோடு இன்னொன்றும் சொன்னார். சித்தம் சரியில்லை என்று நீதிமன்றம் ஏற்றுக்கொண்டால் வீட்டுக்கு அனுப்பமாட்டார்கள். "அங்கொடை மனநல ஆசுப்பத்திரிக்குப் போனால் எப்ப வாறது எண்டு தவணை இல்லைத் தம்பி. மறியலுக்காவது தவணை இருக்கு."

அவர் சொன்னதில் எனக்கு மறுப்பில்லை. நெற்றிமூளை பழுதானவர்களின் சிக்கலே அதுதான்: பிழை என்று தெரியும், கேட்டால் வடிவாகச் சொல்லுவார்கள், அந்தக் கணத்தில் நிறுத்த முடியாது. 1883-இல் எழுதிய சட்டம் அறிவைக் கேட்கிறது, பிரேக்கைக் கேட்கவில்லை. அமெரிக்காவிலும் பின்கஸ் போன்றவர்களின் சாட்சியம் எடுபட்டது பெரும்பாலும் தண்டனையைத் தீர்மானிக்கும் கட்டத்தில்தான், குற்றவாளியா இல்லையா என்ற கட்டத்தில் இல்லை. பதினெட்டு வயதாகும் முன் குற்றம் செய்தவர்களுக்கு மரண தண்டனை கூடாது என்று அந்த நாட்டு உச்ச நீதிமன்றம் சொன்னது 2005-இல்தான்.

சட்டத்தரணி கடைசியில், "தண்டனை சொல்லேக்கை காட்ட ஒரு ரிப்போட் உதவும், ஒரு நரம்பியல் டொக்டரிட்டைக் காட்டுங்கோ" என்றார். நாங்கள் பதிவு செய்துகொண்டு போனோம்.

கிளினிக்கில்

நான், அண்ணை, மச்சாள், பெரியம்மா. நாங்கள் கேட்காமலே பெரியம்மாவும் வெளிக்கிட்டு வந்தா. மகனைத் தனிய விட முடியாதாம்.

அண்ணை அன்றைக்குக் கழுவித் தோய்த்த சேர்ட் போட்டு, திருநீறு பூசி, டொக்டருக்கு எழும்பி நின்று வணக்கம் சொன்னார். கேட்ட கேள்விகளுக்கெல்லாம் பணிவாகப் பதில். மச்சாள் என்னைப் பார்த்த பார்வையில், "இந்த மனுசன் வீட்டிலை இப்பிடி ஒரு நாள் இருந்தால் போதுமே" என்றிருந்தது. அறைக்குள், ஒரு மேசை, ஒரு ஆள், ஒவ்வொன்றாகக் கேள்வி என்று இருக்கும்போது இப்படிப்பட்டவர்கள் குறையே தெரியாமல் சமாளித்துவிடுவார்கள். சந்தையிலும் வேலிக்கரையிலும்தான் குழம்புவது. டொக்டருக்கு அது தெரிந்திருந்தது.

பழைய சி.ரி. ஸ்கான் படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். புருவத்துக்கு மேலே உள்பக்கம் வெள்ளையாக ஒரு பொட்டு, அதைச் சுற்றிக் கோடு கோடாகச் சிதறல். எம்.ஆர்.ஐ. எடுக்க முடியாது என்றார். இரும்பு இருந்தால் காந்தம் இழுத்துவிடும். எனக்கு அப்போதுதான் உறைத்தது: உலகம் முழுக்க இந்த விஷயத்தில் நடக்கும் பெரிய ஆய்வுகள் பல எம்.ஆர்.ஐ.யை நம்பித்தான் நடக்கின்றன. எங்கள் ஊரில் தலைக்குள் பீஸோடு திரிகிறவர்கள் ஒருவரும் அதற்குள் நுழைய முடியாது. வியட்நாம் போரில் தலையில் காயப்பட்ட அமெரிக்கச் சிப்பாய்களை ஆராய்ந்தவர்கள் இதே காரணத்துக்காகத்தான் சி.ரி.யை வைத்துக்கொண்டு வேலை செய்தார்கள். 1996-இல் வந்த அவர்களுடைய முடிவு எங்களுக்குக் கிட்ட நிற்கிறது. நெற்றிமூளையின் அடிப்பக்கத்தில் காயப்பட்டவர்களுக்கு ஆத்திரம் கூடுதல்தான், ஆனால் அது பெரும்பாலும் வாய்ச்சண்டையாகத்தான் வந்தது, கைகலப்பாக வந்தது குறைவு. காயத்தின் அளவு பெரிதா சிறிதா என்பதோடு அதற்குச் சம்பந்தமில்லை. வீட்டு வாழ்க்கை குலைந்திருப்பதோடு சம்பந்தம் இருந்தது.

பிறகு டொக்டர் கருவி ஒன்றும் இல்லாமல் பரிசோதிக்கத் தொடங்கினார். 'க'வில் தொடங்கும் சொற்களை ஒரு நிமிடத்துக்குள் சொல்லச் சொன்னார். "கத்தி, கதியால், கடகம், கடல்..." என்று போன அண்ணை நின்றார். "கதியால்." திரும்ப நின்றார். "கதியால்." அடுத்து, கையை முஷ்டியாகப் பிடித்து மேசையில் வை, பிறகு கை விளிம்பை வை, பிறகு உள்ளங்கையை விரித்து வை, இப்படியே மாறி மாறிச் செய் என்று காட்டினார். முதல் இரண்டு சுற்றும் சரி. அதற்குப் பிறகு முஷ்டி, முஷ்டி, முஷ்டி. தன் கையைத் தானே பார்த்துக்கொண்டிருந்தார், மாறவில்லை. இரண்டு புருவத்துக்கும் நடுவில் விரலால் மெல்லத் தட்டினால் எங்களுக்கு முதல் சில தட்டுக்குக் கண் சிமிட்டும், பிறகு பழகி நின்றுவிடும். அண்ணைக்கு நிற்கவே இல்லை. டொக்டர் தட்டிக்கொண்டே இருந்தார், கண்ணும் சிமிட்டிக்கொண்டே இருந்தது.

சரி, பீஸ் வேலை செய்கிறது, ரிப்போட் கிடைத்துவிடும் என்று நான் நினைத்துக்கொண்டிருக்கும்போது அவர் பேனையை மூடி வைத்துவிட்டு, "சின்னனிலை வீட்டிலை அடி வாங்கினனீங்களோ?" என்று கேட்டார்.

"எல்லாரையும் போலத்தான் டொக்டர்" என்றார் அண்ணை.

பெரியம்மா சேலைத் தலைப்பைச் சரிசெய்தா. "தகப்பன் கொஞ்சம் கண்டிப்பு. கவுண்மேந்து உத்தியோகம், கோயில் காரியம், நாலு பேர் மதிக்கிற மனுசன்" என்றா. டொக்டர் தலையாட்டிவிட்டு, அந்த வீட்டில் கூட வளர்ந்தவர்கள் யாராவது இருக்கிறார்களா என்று கேட்டார். அக்கா ஒருவர் கனடாவில், ஸ்காபரோவில். "இப்ப எடுக்கலாமோ?" அங்கே நடுச்சாமம் தாண்டியிருக்கும். மச்சாள் யோசிக்காமல் வாட்ஸ்அப்பில் அழைத்து, ஸ்பீக்கரில் போட்டு, மேசையில் வைத்தா. இவ்வளவு காலமும் இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்த மாதிரி.

அக்கா நித்திரைக் குரலில்தான் தொடங்கினார். டொக்டர் கேள்வியைச் சொல்லி, தம்பி "எல்லாரையும் போலத்தான்" என்று சொன்னதையும் சொன்னார். கொஞ்ச நேரம் ஒன்றும் வரவில்லை. பிறகு, "எல்லாரையும் போலையோ? துலாக்காலிலை கட்டி வைச்சுக் கருக்குமட்டையாலை அடிச்சது எல்லாரையும் போலையோ? தேவாரம் பாடமில்லை எண்டு தலையைப் பிடிச்சுக் கிணத்துக்கட்டிலை மோதினது எல்லாரையும் போலையோ? அரை மணித்தியாலம் எழும்பேல்லை டொக்டர். அம்மாவைக் கேளுங்கோ. வழுக்கி விழுந்தவன் எண்டுதான் ஆசுப்பத்திரியிலை சொன்னவ. அப்ப அவனுக்கு ஒன்பது வயசு. பீஸும் இல்லை, ஒண்டும் இல்லை."

பெரியம்மா ஒன்றும் சொல்லவில்லை. அண்ணை, "அவ சும்மா பெரிசாக்கிறா" என்றார். குரல் உயரவில்லை. சாம்பார் வாளியை உதைத்த ஆள், அலவாங்கு தூக்கிய ஆள், செத்துப் பதினைந்து வருடமான தகப்பனைப் பற்றிச் சொன்னதும் பள்ளிக்கூடப் பெடியனைப் போல் ஒடுங்கிவிட்டார். டொக்டர் பேனையைத் திறந்து எழுதத் தொடங்கினார். கருக்குமட்டையால் அடித்தால் எப்படித் தழும்பு வரும் என்று தெரிந்தவர்தான், சேர்ட்டைக் கழற்றச் சொன்னார்.

யுத்தத்தின் தலையில்

இதற்குப் பிறகு எனக்கு அடங்காமல் கிடப்பது ஒரு விஷயம்தான். பீஸ் பொய்யில்லை. சி.ரி.யில் தெரிகிறது, முஷ்டி மாறவில்லை, கண் சிமிட்டல் நிற்கவில்லை. ஆனால் முப்பது வருடத்துக்கு மேலாக அந்தப் பீஸ் எங்கள் குடும்பத்துக்கு இன்னொரு வேலையும் செய்துகொடுத்திருக்கிறது. அதைக் காட்டினால் கிணற்றடியைப் பற்றி ஒருவரும் கேட்கமாட்டார்கள். பெரியப்பாவின் படம் மாலையோடு சுவரில் கிடக்கலாம், திவசம் செய்யலாம், கோயில் கல்வெட்டில் பெயர் இருக்கலாம். பழி விமானத்தில் வந்தது, விமானத்தோடு போய்விட்டது.

யுத்தம் எங்களுக்குச் செய்ததைக் குறைத்துச் சொல்ல நான் வரவில்லை. போர்க்காலத்தில் இங்கே வைத்தியம் பார்த்த மனநல மருத்துவர் பேராசிரியர் தயா சோமசுந்தரம், காயம் தனி ஆளோடு நிற்பதில்லை, குடும்பத்தையும் ஊரையும் சேர்த்துப் பிடிக்கிறது என்று நிறைய எழுதியிருக்கிறார். அது உண்மை. அடிக்காத தகப்பனைக்கூட யுத்தம் அடிக்கிற தகப்பனாக்கியிருக்கிறது. ஆனால் எங்கள் பெரியப்பா கருக்குமட்டையைத் தூக்கியது யுத்தத்தால் என்று யாராவது சொன்னால் நான் நம்பமாட்டேன். அவரை அடித்து வளர்த்தவர் யார் என்று பார்க்கப் போனால் இடியப்பச் சிக்கல், அது வேறு கதை. "அடி உதவுறாப்போல அண்ணன் தம்பி உதவமாட்டான்" என்பது பொம்மர் வருவதற்கு எத்தனையோ தலைமுறைக்கு முந்திய ஞானம்.

வாள்வெட்டில் பிடிபடும் பெடியளைப் பற்றியும் ரீக்கடைகளில் இதே பேச்சுத்தான்: யுத்தம் பாழாக்கின பிள்ளைகள். இருபது வயதுப் பெடியன் யுத்தம் முடிந்த 2009-இல் பாலர் பாடசாலைக்கும் போயிருக்கமாட்டான். அவன் மண்டைக்குள் பீஸ் இல்லை. அவன் வீட்டுக்குள் என்ன நடந்தது என்று கேட்க எங்களுக்கு விருப்பமில்லை, கேட்டால் எங்கள் வீட்டுக்குள்ளும் கேட்கவேண்டி வரும்.

எங்கள் ஒழுங்கையிலேயே இன்னொருவர் இருக்கிறார், ஓய்வுபெற்ற ஆசிரியர். அவருடைய தலையிலும் செல் துண்டு, அதுவும் நெற்றிப் பக்கம்தான். சுருக்கெனக் கோபம் வரும், மறதி இருக்கிறது, ஒரே பகிடியைத் திரும்பத் திரும்பச் சொல்லுவார். ஆனால் ஒருவர் மேலும் கை வைத்ததில்லை. அவரைப் பற்றி ஒருவரும் "மண்டைக்குள்ளை பீஸ் கிடக்கு" என்று சொல்வதே இல்லை, சொல்லத் தேவை வரவில்லை. 2018-இல் ஒரு ஆய்வு வந்தது. மூளையில் காயம் வந்த பிறகு குற்றம் செய்யத் தொடங்கிய 17 பேரை எடுத்துப் பார்த்தார்கள். காயங்கள் ஒரே இடத்தில் இல்லை, ஆளுக்கொரு இடம். ஆனால் அந்த இடங்கள் எல்லாம் ஒரே இணைப்புத் தொகுதியோடு தொடுத்திருந்தன, சரி பிழை பார்க்கவும் மற்றவரின் மனதை ஊகிக்கவும் உதவுகிற பகுதிகள். எழுதியவர்களே, இப்படிக் காயமுள்ள எல்லாரும் குற்றம் செய்வதில்லை என்பதை நினைவுபடுத்தியும் இருக்கிறார்கள். எங்கள் ஆசிரியர் அந்த வாக்கியத்துக்குள் இருக்கிறார்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இத்தாலியில் லொம்புரோசோ என்றொருவர் மண்டையோடுகளை அளந்து, குற்றவாளி பிறக்கும்போதே குற்றவாளி என்று சொன்னார். 1876-இல் அதை நூலாகவும் போட்டார். பின்கஸின் வேலையை அதோடு சேர்த்து வைத்துப் பயப்படுகிறவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அது நேர் எதிராகத்தான் தெரிகிறது. லொம்புரோசோ மண்டையைப் பார்த்துவிட்டுக் கேள்வியை மூடினார். பின்கஸ் மண்டையில் தொடங்கி, இவனை யார் அடித்தது, யார் பார்த்துக்கொண்டிருந்தது என்று வீட்டுப் படலை வரை போனார். அதனால்தான் அவர் சொன்ன தீர்வும் மூளைச் சத்திர சிகிச்சையாக இல்லை. சிறுபிள்ளைகள் அடிபடுவதை நேரத்தோடு நிறுத்துங்கள், அதுதான் கொலையைக் குறைக்கும் என்றார்.

இதில் அடிபட்ட மனிதரை நான் மறந்துவிடவில்லை. அவருக்கு இன்னும் கை மேலே தூக்க முடியாது. ரிப்போட் விஷயம் அவர் காதுக்கும் போயிருக்கிறது. சந்தியில் கண்டபோது என்னிடம் சொன்னார்: "என்ரை காறை எலும்புக்குப் பீஸும் ஒண்டுதான், உங்கடை பெரியப்பாவும் ஒண்டுதான் தம்பி." பதில் சொல்ல என்னிடம் ஒன்றும் இருக்கவில்லை. அவர் கேட்பது நட்டஈடும், திரும்ப இப்படி நடக்காது என்ற உத்தரவாதமும். விளக்கத்தால் அவருக்கு ஒரு பிரயோசனமும் இல்லை. விளக்கம் தேவைப்படுவது அடுத்த அடியை நிறுத்த வேண்டியவர்களுக்கு.

வழக்கில் அண்ணை குற்றத்தை ஒப்புக்கொண்டார். சட்டத்தரணி ரிப்போட்டைத் தண்டனை நேரத்தில் கொடுத்தார். நட்டஈடும் ஒத்திவைத்த சிறைத்தண்டனையும் கிடைத்தன. ரிப்போட்டால் கிடைத்ததா, முதல் குற்றம் என்பதால் கிடைத்ததா, யாருக்குத் தெரியும். டொக்டர் மாத்திரை எழுதிக் கொடுத்து, கள்ளுத் தவறணைப் பக்கம் போகக் கூடாது என்று கண்டிப்பாகச் சொன்னார். ஆத்திரம் வருகிற மாதிரி இருந்தால் வேலிப் பக்கம் போகாமல் வீட்டுக்குள் வந்து இருக்கும்படியும், அதை மச்சாள் கவனிக்கும்படியும் ஒரு ஒழுங்கு செய்திருக்கிறார். ஓரளவு வேலை செய்கிறது. மச்சாளுக்குத்தான் இருபத்துநாலு மணித்தியால வேலை கூடியிருக்கிறது, அதை ஒரு ரிப்போட்டிலும் எழுதவில்லை.

அக்காவும் பெரியம்மாவும் அன்றைக்குப் பிறகு கதைப்பதில்லை. இந்த வருடத் திவசத்துக்கு அக்கா காசு அனுப்பவில்லை. அடுத்த கிளினிக்குக்கு மகனையும் கூட்டிவரச் சொல்லி டொக்டர் கேட்டிருக்கிறார். பெடியனுக்குப் பத்து வயது. "அவனை ஏன் இழுக்கிறியள்" என்று பெரியம்மா சண்டை பிடித்தா. மச்சாள் பதிவு செய்துவிட்டா, வெள்ளிக்கிழமை பின்னேரம் நான்கு மணிக்கு. வான் பிடித்துத் தருவது என் பொறுப்பு.